மணப்பெண்ணை ரிவர்ஸில் கொண்டுபோனவன்

போன வாரம் கார் ஸ்டாண்டில், புதிதாக வேலைக்குச் சேர்ந்த டிரைவர் ஒருவரிடம், உங்கள் வண்டி ஒரு டேங்குக்கு எவ்வளவு தூரம் போகும் என்று கேட்டேன். கொஞ்சமும் யோசிக்காமல் "இருநூறு மைலுங்க" என்றார். யார் சொன்னது என்றேன். முதலாளி சொன்னாராம். முதலாளிக்கு யார் சொன்னது? வண்டி விற்றவன் சொன்னானாம். அந்த வண்டி விற்றவன் மாட்டு வண்டித் தடத்தில் ஆறு பேரை ஏற்றிக்கொண்டு போய்ப் பார்த்தானா என்று கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே பீடி பற்ற வைத்தார். பெட்ரோல் டின்னுக்குப் பக்கத்தில் பீடி பற்ற வைத்ததற்குத் தனியாகத் திட்டினேன்.

அவரைத் திட்டியது போதவில்லை, அதனால் வண்டி ஓட்டுகிற உங்கள் எல்லாருக்குமாகச் சேர்த்து எழுதுகிறேன். என்னைப் பற்றிச் சேலத்து டிரைவர்களிடம் ஒரு பேச்சு உண்டு. கல்யாணப் பெண்ணை முதுகுப்புறமாகக் கொண்டுபோய் இறக்கி வேலையைத் தொலைத்தவன் என்பார்கள். என் காது கேட்கவே சொல்லியிருக்கிறார்கள். கொண்டுபோனது நிஜம். வெட்கப்படுகிறேனா என்றால், இல்லை. ஆனால் அதே நாளில் நான் வெட்கப்பட வேண்டிய காரியம் ஒன்றும் செய்தேன். அதை யாரும் பேசுவதில்லை. அதனால் இரண்டையும் நானே சொல்லிவிடுகிறேன்.

இருபது வருஷத்துக்கு மேல் ஆகிறது. எனக்கு அப்போது இருபத்தெட்டு வயது. சேலத்தில் குகை என்கிற பேட்டையில் ஒரு நூல் வியாபாரியின் வீட்டில் டிரைவர். முதலாளி நல்ல மனுஷர்தான். சத்தம் போடுவார், சாப்பிட்டாயா என்றும் கேட்பார். அவருக்கு ஒரே மகள், பெயர் பாவாயி. ஒரே மகள், ஒரே கார், இரண்டின் பெருமையையும் ஊரெல்லாம் பேசுவார். "எட்டு கேலன் டேங்குங்க. கேலனுக்கு இருவது மைலு. ஒருக்கா ரொப்பினா நூத்தறுவது மைலு நிக்காமப் போகும்" என்று கடைக்கு வருகிறவர்களிடமெல்லாம் சொல்வார். நூல் வாங்க வந்தவர்கள் நூலின் விலையை மறந்துவிட்டு மைல் கணக்குக் கேட்டுக்கொண்டு போவார்கள்.

அந்த வண்டியைப் பற்றி உங்களுக்குக் கொஞ்சம் சொல்ல வேண்டும். இப்போது போல டாஷ்போர்டில் பெட்ரோல் அளவு காட்டும் முள் கிடையாது. பெட்ரோல் டேங்க் முன்சீட்டுக்கு அடியில் இருந்தது. எவ்வளவு இருக்கிறது என்று பார்க்க, சீட்டைத் தூக்கி, மூடியைத் திருகி, மூங்கில் குச்சியை உள்ளே விட்டு எடுத்து, எத்தனை விரல் நனைந்திருக்கிறது என்று பார்க்க வேண்டும். முன்சீட்டில் யார் உட்கார்ந்திருந்தாலும் எழுந்து இறங்கினால்தான் முடியும். எங்கள் வண்டியில் முன்சீட்டில் உட்காருகிறவர் முதலாளி.

பம்பும் கிடையாது. மேட்டு வயலிலிருந்து பள்ளத்து வயலுக்குத் தண்ணீர் பாய்கிற மாதிரி, டேங்கிலிருந்து எஞ்சினுக்குப் பெட்ரோல் தானாக வழிந்துதான் போக வேண்டும். தரை சமமாக இருந்தால் டேங்க் உயரத்தில் இருக்கும், போகும். செங்குத்தான மேட்டில் வண்டியின் மூக்கு மேலே தூக்கினால் எஞ்சின் உயரத்துக்குப் போய்விடும். டேங்கில் நிறைய இருந்தால் அப்போதும் தள்ளிக்கொண்டு போய்விடும். குறைவாக இருந்தால் அவ்வளவுதான், உள்ளே ஒன்றரைக் கேலன் இருந்தும் எஞ்சினுக்கு ஒரு சொட்டுப் போகாது. அந்த மாதிரி நேரத்தில் வண்டியைத் திருப்பிப் பின்பக்கமாக ஏற்ற வேண்டும். மூக்கு கீழே, டேங்க் மேலே. ரிவர்ஸுக்கு இழுவையும் அதிகம். அந்த வண்டி ஓட்டிய எல்லாருக்கும் இது தெரிந்த விஷயம். மலைப் பாதைகளில் பின்பக்கமாக ஏறும் வண்டியைப் பார்த்து யாரும் சிரித்ததில்லை.

பாவாயிக்கு வெண்ணந்தூருக்குப் பக்கத்தில் ஒரு விவசாயக் குடும்பத்தில் சம்பந்தம் முடிவானது. ஐப்பசி மாதம், திங்கட்கிழமை விடியலில் மாப்பிள்ளை வீட்டில் முகூர்த்தம். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலமே பெண் போய்ச் சேர வேண்டும். நாலரை மணிக்கு ராகு காலம் பிறக்கிறது, அதற்கு முன்னால் பெண் ஆரத்தி வாங்கியாக வேண்டும் என்று பேச்சு. வழியில் ஆட்டையாம்பட்டி தாண்டித் திருமணிமுத்தாறு. அந்த இடத்தில் பாலம் கிடையாது. ஆற்றுக்குள் இறங்கி, மணலைக் கடந்து, எதிர்க்கரையில் ஏற வேண்டும். அந்த ஏற்றம் பொல்லாத ஏற்றம்.

வெள்ளிக்கிழமை நாலு கேலன் ஊற்றினோம். சனிக்கிழமை கூறைச் சேலையும் வேட்டியும் வாங்க ஜலகண்டாபுரம் போய்வந்தோம். முதலாளி காகிதமே இல்லாமல் மனக்கணக்குப் போட்டார். நாலு கேலனுக்கு எண்பது மைல். ஜலகண்டாபுரம் போய்வர நாற்பத்தைந்து. மிச்சம் முப்பத்தைந்து. வெண்ணந்தூருக்கு இருபதே மைல். "பதினஞ்சு மைலு மீதியே இருக்குதே, இன்னும் என்னத்துக்குப் பெட்ரோலு" என்றார். தூரத்தைச் சரியாகத்தான் கணக்குப் போட்டார். மணலையும், நாலு பேர் எடையையும், ட்ரங்குப் பெட்டியையும், முதல் கியரில் உறுமிக்கொண்டு போகும் மூன்று மைலையும் அவர் கணக்கில் சேர்க்கவில்லை. அவர் ஏன் சேர்க்கப் போகிறார்? அது என் வேலை.

இனி என் தப்புக்கு வருகிறேன். தினமும் காலையில் வீட்டு வாசலில், சமதரையில் வண்டியை நிறுத்திக் குச்சி விடுவது என் வழக்கம். ஞாயிற்றுக்கிழமை வாசலை அடைத்துப் பந்தல் போட்டிருந்தார்கள். வண்டி பக்கத்துச் சந்தில் நின்றது. அந்தச் சந்து சாக்கடைப் பக்கம் சரிவு. நான் வழக்கம் போலச் சீட்டைத் தூக்கினேன், குச்சியை விட்டேன், நாலு விரல் நனைந்திருந்தது. நாலு விரல் தாராளம். பாட்டுப் பாடிக்கொண்டே மூடியைத் திருகினேன். வண்டி சாய்ந்து நின்றதால் டேங்கில் இருந்ததெல்லாம் மூடிப் பக்கமாக ஒதுங்கியிருக்கிறது என்பது என் மரமண்டைக்கு உறைக்கவில்லை. சமதரையில் பார்த்திருந்தால் இரண்டரை விரல்கூட இருந்திருக்காது.

பெண்ணின் அம்மா, சீர்வரிசையோடு காலையிலேயே மாட்டு வண்டியில் கிளம்பிப் போய்விட்டார். ஆற்று மணலில் கார்களை மாடு கட்டி இழுத்துவிடுகிற ஆள் ஒருவர் உண்டு. அன்றைக்கு அந்தச் சீர் வண்டியை ஓட்டிக்கொண்டு போனவரே அவர்தான். காருக்கு மாடு எதற்கு என்று முதலாளி அவரையும் அவருடைய மாட்டு ஜோடியையும் சீர் வண்டியோடு அனுப்பிவிட்டார்.

மத்தியானம் இரண்டரைக்குக் கிளம்பினோம். முன்சீட்டில் முதலாளி, தலைப்பாகையும் ஜரிகை அங்கவஸ்திரமுமாகக் கையில் கடிகாரத்தைப் பிடித்துக்கொண்டு. பின்சீட்டில் பாவாயியும் அவளுடைய அத்தையும். அத்தை முதலாளிக்கு அக்கா. வீட்டில் சாஸ்திரம் சம்பிரதாயம் எல்லாம் அவர் வைத்ததுதான் சட்டம். ஊரார் பெண்ணைப் பார்க்க வேண்டும் என்பதால் வண்டியின் கூரைத் துணியை மடித்துப் பின்னால் வைத்திருந்தோம்.

ஆட்டையாம்பட்டிக்கு இரண்டு மைல் இருக்கும்போதே வண்டி ஓட்டத்தில் ஏதோ சரியில்லை என்று எனக்குத் தோன்றியது. ரோடு மோசம், மழைக்குத் தடம் அரித்துக் கிடந்தது, எஞ்சின் சூடேறிக்கொண்டே இருந்தது. இந்த மாதிரி நாளில் கேலனுக்குப் பதின்மூன்று மைல் போனால் பெரிது. ஆட்டையாம்பட்டியில் பெட்ரோல் டின் விற்கும் கடை ஒன்று உண்டு. அங்கே நிறுத்திக் குச்சி விட்டுப் பார்க்கலாம் என்று நினைத்தேன். முதலாளி பக்கம் திரும்பினேன். அவர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். மறுபடி திரும்பினேன். அங்கவஸ்திரம் கசங்காமல் மடிமேல் இழுத்துவிட்டுக்கொண்டிருந்தார். "கொஞ்சம் எந்திரிங்க" என்று இரண்டு வார்த்தை சொல்ல வேண்டும். கல்யாண நாளில், கல்யாணக் கோலத்தில் இருக்கிற முதலாளியை நடுரோட்டில் எழுந்து நிற்கச் சொல்ல என் வாய் வரவில்லை. கடை வந்தது, கடை போனது.

வெட்கப்பட வேண்டிய காரியம் என்றேனே, அது இதுதான். சந்துச் சரிவைக் கவனிக்காதது அஜாக்கிரதை. சந்தேகம் வந்த பிறகும் சும்மா இருந்தது கோழைத்தனம். அதற்கு மரியாதை என்று பெயர் வைத்துக்கொண்டேன். உங்கள் வண்டியில் முள் இருக்கலாம், ஆனால் எழுப்ப முடியாத ஒரு ஆள் உங்களுக்கும் பக்கத்து சீட்டில் உட்கார்ந்திருப்பார். எழுப்புங்கள்.

நாலு மணிக்குச் சற்று முன்னால் ஆற்றுக்குள் இறங்கினோம். மணல் காய்ந்து கிடந்தது. ஓரத்தில் ஒரு குட்டையில் சாயம் போட்ட நூலை அலசிக்கொண்டிருந்த ஆள், அலசியும் அலசாமலும் நூல் கட்டுகளை வாரித் தோளில் போட்டுக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்ததும், "ஏனுங்க, சுருக்காக் கரை ஏறுங்க. வடக்க மலையெல்லாம் கறுத்துக் கெடக்குது. தண்ணி வந்துட்டே இருக்குதுங்க" என்று சொல்லிவிட்டு ஓடினார். எங்கள் தலைக்கு மேலே வெயில் பளிச்சென்று அடித்தது. எதிர்க்கரை மேட்டின் உச்சியில் மாப்பிள்ளை வீட்டார் மேளதாளத்தோடு நின்றார்கள். எங்களைப் பார்த்ததும் நாதஸ்வரம் எழும்பியது.

மணலைத் தாண்டிவிட்டேன். மேட்டில் ஏறினேன். பாதி மேடு போனதும் எஞ்சின் இரண்டு முறை இருமி நின்றுபோனது. வண்டி பின்னால் உருண்டது, பிரேக்கைப் பிடித்துக் கீழே கொண்டுவந்து நிறுத்தினேன். முன்னால் போய் இரும்பு ஹேண்டிலைப் போட்டுச் சுற்றி எஞ்சினைக் கிளப்பி, இன்னொரு தடவை ஏற்றினேன். அதே இடம், அதே இருமல்.

"எந்திரிங்க" என்றேன். இப்போது வாய் வந்தது. முதலாளி இறங்கினார். சீட்டைத் தூக்கிக் குச்சி விட்டேன். ஒன்றரை விரல். காலையில் சந்து சரிந்து கிடந்தது அந்த நிமிஷம்தான் என் கண் முன்னால் வந்தது.

"பெட்ரோலு தீந்துபோச்சா?" என்றார் முதலாளி.

"இருக்குதுங்க. ஆனா மேட்டுல எஞ்சினுக்குப் போகாதுங்க. ஒண்ணு, எல்லாரும் இறங்கி நடந்து மேல போயிருங்க. இல்லீனா வண்டியத் திருப்பி ரிவர்ஸுல ஏத்தறனுங்க."

அத்தை பின்சீட்டிலிருந்து கையை நீட்டினார். "ரெண்டும் ஆகாது. ஆரத்தி எடுக்கறதுக்கு முந்திப் பொண்ணு காலு மண்ணுல படப்படாது. மாமியாக்காரி எதுக்க நிக்கறா, அவளுக்கு முதுகக் காட்டிக்கிட்டுப் பொண்ணு போறதா? எந்த ஊட்டுல உண்டு அது? தம்பி, நேரா ஏத்தச் சொல்லு."

"நேரா ஏத்துப்பா" என்றார் முதலாளி. "இன்னொருக்கா வேகமா வுட்டுப் பாரு."

வேகமாக விட்டால் பெட்ரோல் மேட்டில் ஏறிவிடாது. அதை நான் சொல்லிக்கொண்டிருந்தபோது பாவாயி, "அப்பா, அங்க பாருங்க" என்றாள். வடக்கே, ஆற்று வளைவில், மணலின் நிறம் மாறிக்கொண்டு வந்தது. சருகும் நுரையுமாக ஒரு நாக்கு நீண்டு வந்தது. முழங்கால் உயரம்கூட இல்லை. ஆனால் அதற்குப் பின்னால் சத்தம் கேட்டது. மலைத் தண்ணீரின் முதல் நாக்கு எப்போதும் சின்னதாகத்தான் இருக்கும்.

நான் ஹேண்டில் போட்டேன். எஞ்சின் கிளம்பியது. கரையடியில் சக்கரம் புதையாத கல்லாங்கெட்டி இடமாகப் பார்த்து வண்டியைத் திருப்பினேன்.

"என்னப்பா பண்றே? நாஞ் சொல்றது காதுல உழுகலியா? வண்டி என்றதுப்பா" என்றார் முதலாளி.

"வண்டி உங்களுதுதானுங்க. ஸ்டீரிங்கு எங்கையில இருக்குதுங்க. ஏறுங்க" என்றேன்.

ஏறினார். தண்ணீர் அதற்குள் சக்கரத்தைத் தொட்டுவிட்டது. நான் உடம்பைத் திருப்பிப் பின்னால் பார்த்துக்கொண்டு ரிவர்ஸ் பெடலை மிதித்தேன். பின்னால் பார்த்தால் தடம் தெரியவில்லை. மடித்து வைத்த கூரைத் துணியும், ட்ரங்குப் பெட்டியும், கண்ணை இறுக மூடிக்கொண்டு முருகா முருகா என்று சொல்லும் அத்தையும்தான் தெரிந்தார்கள். அப்போது பாவாயி எழுந்து, ட்ரங்குப் பெட்டியின் மேல் ஒரு முழங்காலை ஊன்றி, துணிக்கு மேலே எட்டிப் பார்த்தாள்.

"எடங்கைப் பக்கம் குழிங்கண்ணா. கொஞ்சம் வலங்கையா வாங்க. ஆங், அப்பிடியே வாங்க. நேரா, நேரா."

தலை நிறையப் பூவும் கழுத்து நிறைய நகையுமாக, மணப்பெண் வழி சொல்லச் சொல்ல நான் ஏற்றினேன். எஞ்சின் ஒரு தடவைகூட இருமவில்லை. பாதி மேட்டில், முன்னால் இரண்டு தடவை நின்ற அதே இடத்தைத் தாண்டினோம். மேலே போகப் போக நாதஸ்வரம் இறங்கிக்கொண்டே வந்தது. உச்சிக்கு வந்து நிறுத்தியபோது மேளமும் நின்றுவிட்டது.

கரைமேல் ஐம்பது பேர் நின்றார்கள். மாப்பிள்ளையின் அம்மா ஆரத்தித் தட்டைக் கீழே இறக்கிப் பிடித்திருந்தார். "பொண்ணு மூஞ்சியப் பாத்து ஆரத்தி எடுக்கலாம்னு நின்னா, முதுகக் காட்டிக்கிட்டு வந்து நிக்குதே" என்றார். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. பயந்து சொன்னார், அதுதான் மோசம்.

முதலாளி குதித்து இறங்கினார். "சம்பந்தி மன்னிக்கோணும். இதுல பொண்ணு மேல ஒரு குத்தமும் இல்லீங்க. டிரைவரு கள்ளக் குடிச்சுப்போட்டு வந்து இப்பிடிப் பண்ணிப்போட்டானுங்க" என்றார். சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். கண்ணில் கெஞ்சல் இருந்தது. தலையை ஆட்டிவிடு, மீதியை நான் பார்த்துக்கொள்கிறேன் என்கிற பார்வை.

இந்த இடத்தில்தான் நீங்கள் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். தலையை ஆட்டியிருந்தால் என் வேலை தப்பியிருக்கும். குடிகாரன் என்ற பேர் டிரைவருக்குப் புதிதல்ல. நானும் கள்ளுக்கடைப் பக்கம் போகாதவன் இல்லை, ஸ்டீரிங்கைத் தொடும் நாளில் மட்டும் அதைத் தொட்டதில்லை. ஆனால் தப்பாக நடந்துவிட்டது என்று ஒத்துக்கொண்டால், நடந்தது தப்பு என்று முடிவாகிவிடும். அப்புறம் நாளைக்கு ஒரு மாடு செத்தாலும், கிணறு வற்றினாலும், பிள்ளை பிறக்க ஒரு வருஷம் தாமதமானாலும், முதுகைக் காட்டி வந்தவள் என்று பாவாயியைத்தான் சொல்வார்கள். என் தலையாட்டல் அவள் தலையில் போய் உட்கார்ந்துகொள்ளும். அவள் வண்டிக்குள்ளேயே உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நான் குடிக்கலீங்க" என்றேன். "தப்புப் பண்ணினது நெசமுங்க. அது காலையில, சேலத்துல. பெட்ரோலச் சரியாப் பாக்காம வந்துட்டனுங்க. அது என்ற தப்பு, யாரு முன்னாலயும் ஒத்துக்கறனுங்க. ஆனா ஆத்துக்குள்ள பண்ணினது தப்பில்லீங்க. இன்னொருக்கா அங்க நின்னாலும் இப்பிடித்தான் ஏத்துவனுங்க."

கூட்டத்தில் யாரோ "திமிரப் பாரு" என்றார்கள். திமிர்தான்.

மாப்பிள்ளையின் அப்பா முன்னால் வந்தார். கிணற்றுத் தண்ணீரில் வெள்ளாமை செய்கிற மனுஷர், அதிகம் பேசமாட்டார். "ஏன் சாமி, நேரா வந்தா என்னவாம்?" என்று மட்டும் கேட்டார்.

கால் கழுவ வைத்திருந்த மூக்குச் செம்பு ஒன்று பக்கத்தில் இருந்தது. அதை எடுத்து, அடியில் கொஞ்சம் தண்ணீரை மட்டும் வைத்துக்கொண்டு மிச்சத்தைக் கொட்டினேன். மூக்கை மேலே தூக்கிக் காட்டினேன். ஒன்றும் வரவில்லை. "இது நேரா ஏர்றதுங்க. மூக்குல இருக்கறது எஞ்சினு." பிறகு மூக்கைக் கீழே சாய்த்தேன். தண்ணீர் ஒழுகியது. "இது திருப்பி ஏர்றதுங்க. உள்ள இருக்கற தண்ணி ஒண்ணுதானுங்க."

அவர் செம்பை வாங்கி அப்படியும் இப்படியும் ஒரு தடவை சாய்த்துப் பார்த்தார். பிறகு கரை ஓரத்துக்குப் போய்க் கீழே பார்த்தார். நாங்களும் பார்த்தோம். வண்டியைத் திருப்பிய கல்லாங்கெட்டி இடம் தெரியவில்லை. செம்மண் நிறத்தில் தண்ணீர் இரண்டு கரையையும் தொட்டுக்கொண்டு போனது. ஒரு பனை மட்டை சுழன்று சுழன்று வந்து எங்களைத் தாண்டிப் போனது.

"மேட்டுக்குத் தண்ணி பாயாதுன்னு நமக்கு இன்னொருத்தர் சொல்லித் தரோணுமா?" என்றார் அவர், மனைவியைப் பார்த்து. "நேராத்தான் வரோணும்னு நின்னிருந்தா, இன்னேரம் பொண்ண எங்க போய்த் தேடுவே? ஆரத்திய எடு, நேரமாகுது."

நாலு இருபதுக்கு ஆரத்தி எடுத்தார்கள். அந்த அம்மாள் தட்டைச் சுற்றினாரே தவிர, முகம் தெளியவில்லை.

முதலாளி என்னைத் தனியாகப் பந்தலுக்குப் பின்னால் கூப்பிட்டார். "நாலு பேரு முன்னால என்ற பேச்சப் பொய்யாக்கிட்டே. இனி என்ற வண்டியத் தொடாதே" என்றார். நான் ஹேண்டிலை அவர் கையில் கொடுத்தேன். மகளைக் காப்பாற்றினேன் என்று சொல்லி வேலையைக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. காலையில் சந்தில் நான் செய்த காரியத்துக்கு வேலை போனால் அது நியாயம். ஆற்றில் செய்ததற்குப் போனால் அது அவர் நஷ்டம்.

வேலை போனவன் உடனே ஊருக்குப் போக வேண்டும். ஆறு விடவில்லை. இரண்டு நாள் அந்தக் கல்யாண வீட்டிலேயே, என்னை விலக்கிய முதலாளிக்கு எதிர்ப் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டேன். மாப்பிள்ளையின் அப்பா என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து, தன் கையால் நெய் ஊற்றினார். முதலாளி இலையை விட்டுக் கண்ணை எடுக்கவே இல்லை. சாப்பாடு நன்றாக இருந்தது, பொய் சொல்வானேன்.

புதன்கிழமை ஆறு கணுக்கால் அளவுக்கு இறங்கியது. பெண்ணும் மாப்பிள்ளையும் மறுவீட்டுக்குச் சேலம் போக வேண்டும். அப்போதுதான் முதலாளிக்கு ஒரு விஷயம் நினைவுக்கு வந்தது. அந்தச் சுற்று வட்டாரத்தில் கார் ஓட்டத் தெரிந்தவன் நான் ஒருவன்தான். அவரே ஹேண்டில் போட்டுப் பார்த்தார். அது திருப்பி அடித்து மணிக்கட்டு வீங்கிவிட்டது. ஒரு கையால் இன்னொரு கையைப் பிடித்துக்கொண்டு, நான் படுத்திருந்த வைக்கோல் போருக்கு வந்தார்.

"அம்மிணி உன்னத்தான் கூப்பிடச் சொல்லுது" என்றார், மகளைச் சொல்லி.

"வாரனுங்க. ஆனா டேங்கு கழுத்து வரைக்கும் ரொம்பியிருக்கோணுமுங்க. அப்புறம், நான் எப்ப எந்திரிக்கச் சொன்னாலும் நீங்க எந்திரிக்கோணுமுங்க."

அவர் ஹேண்டிலை நீட்டினார். மாப்பிள்ளையின் அப்பா ராசிபுரத்துக்கு ஆள் அனுப்பி நாலு டின் பெட்ரோல் வரவழைத்துக் கொடுத்தார். கிளம்புவதற்கு முன்னால், வண்டியைச் சமதரையில் நிறுத்தி, "எந்திரிங்க" என்றேன். முதலாளி எழுந்து இறங்கினார். குச்சியை விட்டேன். பிடி வரைக்கும் நனைந்தது.

மாப்பிள்ளை வீட்டார் எல்லாரும் வழியனுப்ப ஆற்றங்கரைக்கு வந்து, அதே மேட்டின் உச்சியில் நின்றார்கள். மாமியார் முன்வரிசையில். நாங்கள் இறங்கி, தண்ணீரைக் கடந்து, ஆட்டையாம்பட்டிக் கரையின் அடிக்கு வந்தோம். இந்தப் பக்கமும் ஏற்றம்தான், ஆனால் டேங்க் நிறைந்த வண்டிக்கு அது ஒரு பொருட்டே இல்லை. முதல் கியரில் போட்டேன்.

பின்சீட்டில் மாப்பிள்ளைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பாவாயி, "டிரைவரண்ணா, வண்டியத் திருப்புங்க" என்றாள்.

"எதுக்குங்க அம்மிணி? டேங்கு ரொம்பி வழியுதுங்க. நேராவே ஏறுமுங்க."

"தெரியுமுங்க. வாரப்ப அக்கரையில நிக்கற மாமியாளுக்கு முதுகத்தானே காட்டினேன். போறப்ப மூஞ்சியப் பாத்துக்கட்டும். திருப்புங்க."

முதலாளி வாயைத் திறந்தார். என்னைப் பார்த்தார், மகளைப் பார்த்தார், மூடிக்கொண்டார். மாப்பிள்ளை மட்டும் சிரிப்பை அடக்க மேல்துண்டை வாயில் வைத்துக்கொண்டார். நான் வண்டியைத் திருப்பினேன். இப்போது வண்டியின் மூக்கு எதிர்க்கரையைப் பார்த்து நின்றது. பாவாயி எழுந்து நின்று, முன்சீட்டு முதுகைப் பிடித்துக்கொண்டு, முக்காட்டை நன்றாகப் பின்னுக்குத் தள்ளிவிட்டு, மாமியாரை நேராகப் பார்த்தாள். கரை ஏறி முடிகிறவரை கண்ணை எடுக்கவில்லை. பாதி மேட்டுக்கு நாங்கள் வந்தபோது, அந்தக் கரையில் அந்த அம்மாள் கையை மெல்லத் தூக்கியது தெரிந்தது.

எட்டு கேலன் பெட்ரோலை வைத்துக்கொண்டு, துளியும் தேவையில்லாமல், ரிவர்ஸில்தான் ஏற்றினேன்.